விளக்கில் நிற்காத பெயர்

பாத்திரத்தில் பெயர் வெட்டுவது என் தொழில். சிம்மக்கல்லில் ஒரு பாத்திரக் கடை வாசலில் சாக்கை விரித்து, சிற்றுளியும் சுத்தியலும் வைத்து உட்கார்ந்திருப்பேன். ஐந்தாம் வகுப்போடு படிப்பு நின்றுபோனவன். அதற்கு மேல் நான் படித்ததெல்லாம் மற்றவர்களுடைய பெயர்கள்தான். கல்யாணச் சீரோ கோயில் உபயமோ, கொடுத்தவர் யார் என்று பாத்திரத்தில் இருக்க வேண்டும். பெயர் இல்லாத குடம் எங்கள் ஊரில் அநாதை.

ஆட்களிடம் பேச எனக்குக் கூச்சம். பெயரைத் துண்டுச் சீட்டில் வாங்கிக்கொண்டு, குனிந்த தலை நிமிராமல் வெட்டிக் கொடுப்பேன். ஆனால் பெயருக்கு அர்த்தம் கேட்கும் ஆசை மட்டும் உண்டு. மகள் கல்யாணத்துக்குத் தூக்குவாளி வாங்கிய மிஷன் பள்ளி டீச்சர், மெர்சி என்றால் இரக்கம் என்று சொன்னார். பிரியாணி தேக்சா கொண்டுவந்த பாய், ரஹ்மத் என்றாலும் அதுதான் என்றார். கருணாகரன், தயாளன், கிருபா எல்லாம் அதே வம்சம். எந்தச் சாமியைக் கும்பிட்டாலும் பிள்ளைக்கு இந்தக் குணத்தைத்தான் தேடிப்பிடித்துப் பெயராக வைத்திருக்கிறார்கள். பிள்ளை அந்தப் பெயருக்கேற்ப வளர்ந்ததா என்று யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை.

நான் பார்த்தேன். எங்கள் வீட்டுக்காரர் பெயரும் அந்த வம்சம்தான். எது என்று எழுத மாட்டேன்.

அவருடைய காம்பவுண்டு வீட்டில் ஆறு குடித்தனம். நாங்கள் பதினோரு வருடம் இருந்தோம். அப்பா வெள்ளையடிக்கிறவர். தொண்ணூறுகளின் நடுவில் ஒரு சித்திரையில், பெரியாஸ்பத்திரியில் காலை எட்டு மணிக்கு இறந்துபோனார். வேனில் கொண்டுவந்தோம். வீட்டுக்காரர் கேட்டைச் சாத்திக்கொண்டு உள்ளே நின்றார்.

"தம்பி, தப்பா நெனைக்காதீக. உள்ள வேணாம்."

வாடகை வீட்டுக்குள் பிணத்தைக் கொண்டுவந்தால் வீட்டுக்கு ஆகாது, அப்புறம் குடி வராது என்று எங்கள் பக்கம் ஒரு நினைப்பு உண்டு. தெரிந்ததுதான். ஆனாலும் பதினோரு வருடம்.

அம்மா கம்பியைப் பிடித்துக்கொண்டாள். "அய்யா, ஒரு மணி நேரம். குளிப்பாட்டித் தூக்கிருவோம்."

"ஏத்தா, வெவரம் இல்லாமப் பேசாத. அடுத்த மாசம் மகளுக்குக் கல்யாணம் வச்சிருக்கேன். தெருவுல எம்புட்டு எடம் கெடக்கு!"

பிறகு என்னைப் பார்த்து, "என்னப்பா, நீயாவது சொல்லு" என்றார்.

நான், "சரிண்ணே" என்றேன்.

டீக்கடை பெஞ்சில் அப்பாவைக் கிடத்தினோம். தெருக் குழாயில் தண்ணீர் பிடித்து, இரண்டு வேட்டியை மறைப்பாகப் பிடித்துக் குளிப்பாட்டினோம். ஓர் ஆட்டோக்காரர் விவரம் தெரியாமல், "பெஞ்ச ஓரமாப் போடுங்கப்பா, வண்டி போகணும்ல" என்று ஹாரன் அடித்தார். தெரிந்ததும் வண்டியை அணைத்துவிட்டு இறங்கி நின்றார். அம்மா வெயிலில், தார் ரோட்டில் உட்கார்ந்து அழுதாள்.

அடுத்த மாதமே பரவைக்குக் குடிபோனோம். அம்மா வீட்டுக்காரரைத் திட்டியதில்லை. சோறு போடும்போது, "சரிண்ணேன்னியேடா" என்பாள். அவ்வளவுதான். வருடக்கணக்காக அந்தச் சொல்லோடுதான் சாப்பிட்டேன்.

ஏழெட்டு வருடம் கழித்து, ஒரு மத்தியானம் அவர் என் சாக்கின் முன்னால் வந்து நின்றார். கடைப் பையன் தோளில் ஆளுயரப் பித்தளைக் குத்துவிளக்கு.

"அட, நம்ம காம்பவுண்டுத் தம்பி! அப்பா சௌக்கியமா?"

உளி என் கையிலேயே இருந்தது. அவர் கேலி செய்யவில்லை. நிஜமாகவே மறந்திருந்தார்.

"போயிட்டாருண்ணே."

"அடப் பாவமே, நல்ல மனுசன். சரி, எங்க தெரு அம்மன் கோயிலுக்கு இது உபயம். பேரு பெருசா, பளிச்சுன்னு இருக்கணும். வாரவுக கண்ணுல மொதல்ல அதான் படணும்."

அப்போது முடிவு செய்தேன். பித்தளையில் ஆழமாக வெட்டினால் பேரன் காலம் வரைக்கும் நிற்கும். மேலாக வெட்டினால் புதிதில் இன்னும் அதிகமாகவே மின்னும், தெரியாதவர்கள் ஏமாந்துபோவார்கள். சுத்தியலைத் தூக்காமல், மணிக்கட்டால் தட்டித் தட்டி அவர் பெயரை மேல்தோல் அளவுக்கே வெட்டினேன். கோட்டில் கறுப்பு மை தேய்த்தேன். அவர் விரலை வைத்துப் பார்த்து, "தங்கக் கைய்யா உனக்கு" என்றார். என் வாழ்க்கையில் அவ்வளவு அழகாக நான் எந்தப் பெயரையும் வெட்டியதில்லை.

அன்று சாயங்காலம் அம்மாவிடம் சொன்னேன். அவள் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளி வைத்தாள்.

"எம்புட்டு நாளைக்கு நிக்கும்?"

"புளி போட்டுத் தேச்சா ஒரு வருசம்."

"அம்புட்டு நாளெல்லாம் ஆகாது" என்றாள்.

அந்த வியாழக்கிழமையே பஸ் ஏறி அந்தக் கோயிலுக்குப் போய், விளக்குத் தேய்க்கிற புண்ணியத்தைத் தனக்குத் தரும்படி பூசாரியிடம் கேட்டாள். அவர் சந்தோஷமாகக் கொடுத்தார். வாரம் தவறாமல் புளியும் செங்கல்பொடியும் கட்டிக்கொண்டு கிளம்புவாள். மற்ற விளக்குகளுக்கு ஒரு தேய்ப்பு. இந்த விளக்கின் அடித்தட்டுக்கு அரைமணி நேரம். அவளுக்கு எழுத்துத் தெரியாது. விரலால் தடவிப் பார்த்துவிட்டு வந்து, "இன்னும் சொரசொரங்குதுடா" என்பாள். நான் போய்ப் பார்த்து, எத்தனை எழுத்து மீதி என்று சொல்வேன். முதலில் சுழிகள் போயின. பிறகு கொம்புகள். புரட்டாசியில் தொடங்கியது, பங்குனிக்குள் முடிந்துவிட்டது. இந்த வேலைக்கு அம்மன் எங்களை என்ன நினைத்தாளோ, நான் கேட்கவில்லை. மன்னிப்பது பெரிய குணம் என்கிறார்கள். அது பெயராக வைக்க நன்றாக இருக்கிறது.

பங்குனிப் பொங்கலன்று நாங்கள் கோயிலில் இருந்தபோது அவர் சொந்தக்காரர்களோடு வந்தார். பெயரைக் காட்டத்தான் அவர்களை விளக்கடிக்கு அழைத்து வந்திருக்க வேண்டும். குனிந்து பார்த்தார். விளக்கைச் சுற்றி வந்து மறுபடியும் பார்த்தார். கூட வந்தவர்களில் ஒருவர், "எங்க மாப்ள, ஒம்பேரு? அம்மன் அழிச்சுட்டாளா?" என்று சிரித்தார். வீட்டுக்காரர் முகம் கறுத்துவிட்டது.

விளக்கடியில் நின்ற அம்மாவிடம், "ஏத்தா, இதுல பேரு இருந்துச்சே?" என்றார்.

"எனக்குப் படிக்கத் தெரியாதுங்கய்யா."

அவர் என் பக்கம் திரும்பினார். "தம்பி, நாளைக்கே கொண்டாரேன். மறுபடியும் வெட்டிக் குடு."

பழைய பழக்கத்தில் தலை ஆடப் பார்த்தது. கழுத்தை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

"முடியாதுண்ணே."

"ஏன்?"

"ஒங்க பேர நான் வெட்ட மாட்டேண்ணே. எங்கப்பாவைத் தெருவுல போட்டுக் குளிப்பாட்டுனோம்."

சொந்தக்காரர்கள் அவரைப் பார்த்தார்கள். அவருக்கு நினைவு வந்துவிட்டது என்று கண்ணில் தெரிந்தது. அம்மா பூசாரியிடம் எங்கள் இருவருக்கும் பொங்கல் வாங்கப் போனாள். இரண்டு தொன்னையையும் அவளே சாப்பிட்டாள்.