பேரை வெட்டிய அழுகை

வாய்க்கு முன்னால் தலையணையை நிறுத்தி, அதன் மடிப்பில் போனைச் செருகிக்கொண்டு, தயானி கொலைகாரனாகச் சிரித்துப் பார்க்கிறாள். சரியாக வரவில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டு மறுபடியும் சிரிக்கிறாள். ஞாயிற்றுக்கிழமை பகலில், நமுனுகுல மலையில் மழை விட்ட நேரமாகப் பார்த்துத்தான் இந்த வேலை. மழை வந்தால் தேயிலைத் தோட்டத்து வரிசை வீடுகளான லயத்தின் கூரைத் தகரம் யாரையும் பேச விடாது.

வார நாட்களில் அவள் பதுளையில் போட்டோ கொப்பி கடையில் நிற்பவள். முப்பது வருடத்துக்கு முந்திய ஜப்பான் துப்பறியும் அனிமே ஒன்றை ஐந்தைந்து நிமிடமாக வெட்டி, எல்லோருக்கும் தானே தோட்டத்துத் தமிழில் குரல் கொடுத்து யூடியூபில் போடுகிறாள். இன்ஸ்பெக்டர், காலைப் பெரட்டில் ஆள் கணக்கெடுக்கும் கங்காணி மாதிரியே அதட்டுவார்: "பெரட்டுக்கு வராம கத்தியோட எங்கடா போன?" எல்லோரும் மறந்துபோன கதையை இன்று இளசுகள் தேடிப் பிடித்து முதல் பாகத்திலிருந்து பார்க்கிறார்கள். முழுசா எங்கே பார்க்கலாம் என்று கேட்பவர்களுக்கெல்லாம் பதில் எழுதுவாள். முகத்தை மட்டும் காட்டமாட்டாள். "மூஞ்சிய பாத்தா பயம் போயிரும்ங்க" என்பாள்.

அழுகைதான் அவளுக்கு வராது. மகனின் உடலைத் தாய் காணும் காட்சிக்குப் பத்துத் தடவை அழுது பார்த்தாள்; பூனை கத்துவது போல் இருந்தது. அப்போதுதான் போனில் கிடந்த அந்த மூன்று நிமிடம் ஞாபகம் வந்தது. கீழ் லயத்துப் பெரியாயியின் மகன் சதீஸ்குமார் குளவி கொட்டி இறந்த அன்று, சாவு வீட்டில் தேத்தண்ணி கொடுத்துக்கொண்டே பெரியாயியின் அழுகையைப் பதிவு செய்தது. ஏன் செய்தாள் என்று அவளுக்கே தெரியாது. "சதீசு" என்று வரும் இடங்களை வெட்டி எறிந்துவிட்டு மீதியைக் காட்சியில் ஒட்டினாள். போனில் இடமில்லை என்று முழுப் பதிவையும் அழித்துவிட்டாள்.

இரண்டு லட்சம் பேர் பார்த்தார்கள். "அழுதது யாரு? ஒடம்பே சிலிர்த்துருச்சு" என்று ஒருவர் எழுத, "நான்தான்" என்று பதில் போட்டாள். அந்த ஒரு வார்த்தை அவளைத் தின்கிறது. அன்றிலிருந்து பஸ்ஸுக்குக் கீழ் லயத்து வழியாக இறங்குவதில்லை. மலையைச் சுற்றிப் போகிறாள். வீடியோவை எடுத்துவிடவும் மனசு வரவில்லை. அதை நினைத்தால் இன்னும் வெட்கமாக இருக்கிறது.

இந்த ஞாயிறு பெரியாயியே மேலே ஏறி வந்துவிட்டாள். குவைத்தில் வீட்டு வேலை செய்யும் அவள் மகள் கம்சலா அந்த வீடியோவைப் பார்த்திருக்கிறாள். தம்பியின் சாவுக்கு வர முடியாமல் போனவள். தாயின் குரல் மகளுக்குத் தெரியாமல் போகுமா? மற்ற எல்லோருக்கும் பேசும் தயானியின் குரலும் தெரிந்ததுதான்.

"அதையே போட்டுக் கேட்டுக்கிட்டு கெடக்காம். தம்பி பேரு வர்ற எடம் மட்டும் காணோமாம். அத அனுப்பச் சொல்லுது புள்ள."

தயானிக்குக் காது மடல் சுட்டது. நாலு வார்த்தை திட்டியிருந்தால் தேவலை.

"அழிச்சிட்டேன் அத்தை. பேர வெட்டுனதும் நான்தான். அழுதது நானுன்னு வேற எழுதிட்டேன்."

பெரியாயி முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு பாயில் உட்கார்ந்தாள்.

"அந்தப் புள்ள அங்கிட்டு தனியா கெடக்குது. பேரோட அழுவுறேன். புடிச்சுக்க."

தயானி போனைக் கையில் எடுத்தாள். பதிவுப் பொத்தானின் மேல் விரல் வந்து நின்றுவிட்டது. அதை விட்டுவிட்டு, கம்சலாவின் நம்பரை அழுத்தி, மணி அடிக்கும் போனைப் பெரியாயியின் மடியில் வைத்தாள். வெளியே போய்க் கதவைச் சாத்திக்கொண்டு, இரண்டு காதையும் பொத்திக்கொண்டாள்.