தம்பிக்கு வந்த கரடி நகம்

தம்பியின் காதுகுத்துக்குத் தாய்மாமன் புலிநகம் கொண்டுவருவார் என்று அம்மா எங்கள் லைன் முழுக்கச் சொல்லிவைத்திருந்தாள். மாமாவுக்குத்தான் அந்தச் செய்தி கடைசியாகப் போய்ச் சேர்ந்தது. தங்கச் சுரங்கத்து லைன் வீடுகளில் ஒருவர் தும்மினால் பக்கத்து வீட்டுக்காரர் ‘நூறு’ என்பார். பேச்சு பரவக் கேட்பானேன். நகம் கட்டிய பிள்ளை எதற்கும் பயப்படாது என்பது, வட ஆற்காட்டிலிருந்து எங்களவர்கள் சட்டிபானையோடு கொண்டுவந்த நம்பிக்கை.

மாமா பூதிகோட்டைப் பக்கம் விறகு வெட்டி, சுரங்கத்து பாய்லருக்கு வண்டியில் கொண்டுவருகிறவர். காதுகுத்து அன்று தம்பியை மடியில் வைத்துக்கொண்டு, கொண்டுவந்த துணிமுடிச்சை அவிழ்த்தார். உள்ளே வெள்ளிப் பூண் போட்ட நகம். ஆனால் புலிநகம்போல் கொக்கியாக இல்லை. என் விரலைவிட நீளமாக, நுனி மழுங்கி, பழுப்பாக இருந்தது. காட்டில் செத்துக் கிடந்த கரடியுடையது என்று மாமா உள்ளதைச் சொல்லிவிட்டார். பொய் சொல்லத் தெரிந்த மனிதர் ஏன் விறகு வெட்டப் போகிறார்?

அப்பாவின் அக்கா, எங்கள் அத்தை, அதை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

“இன்னாம்மா, உங்க அண்ணன் களைக்கொட்டு எடுத்தாந்துகிறாரு?”

எல்லோரும் சிரித்தார்கள். மாமா தலையைக் குனிந்துகொண்டார். எனக்கு அத்தையின் கையைக் கடித்துவிடலாம்போல ஆத்திரம் வந்தது. பிறந்த வீட்டு மானம் போனபிறகு அம்மா எந்த முகத்தோடு தண்ணீருக்குக் குடம் எடுத்துப் போவாள்?

இந்த நகத்தால் கரடி என்ன செய்யும் என்று அம்மா மாமாவைக் கேட்டாள். கல்லாய் இறுகிய புற்றையும் தோண்டிக் கறையானைத் தின்னும் என்று அவர் முணுமுணுத்தார். அம்மா நிமிர்ந்தாள்.

“ஏன் அண்ணி, புலி மண்ணத் தோண்டுமா? நம்ம வூட்டு ஆம்பளைங்க பூமியத் தோண்டித்தான நாம கஞ்சி குடிக்கிறோம். எம்புள்ளைக்குத் தோண்டுற நகந்தான் வோணும்.”

சிரிப்பு அப்படியே அத்தை பக்கம் திரும்பியது. ஷிப்ட் முடிந்து வந்திருந்த ஆண்கள் அது நியாயம்தான் என்றார்கள். அத்தை நகத்தை அம்மாவின் கையிலேயே கொடுத்துவிட்டாள். அம்மாவே நகத்தைத் தம்பியின் கழுத்தில் கட்டினாள். காது குத்தும்போது அவன் லைனே அதிர அலறினான்; அதைப் பற்றி மட்டும் யாரும் பேசவில்லை.

அப்புறம் லைன் பெண்கள் தங்கள் பிள்ளைகளைத் தூக்கிவந்து அந்த நகத்தைத் தொடவைத்தார்கள். அத்தையோ ஊருக்குப் போகுமுன், தன் பேரனுக்கும் ஒன்று கிடைக்குமா என்று மாமாவிடம் ரகசியமாகக் கேட்டுவிட்டுப் போனாள். அம்மா அன்று பாட்டுப் பாடிக்கொண்டே சோறு வடித்தாள்.

அப்பாவும் சுரங்கத்துக்குள் இறங்கி வேலை செய்கிறவர்தான். தினமும் ஷாப்டுக்குக் கிளம்புமுன், தம்பியின் கழுத்து நகத்தைக் கைக்குள் பொத்திக்கொண்டு சற்று நேரம் நிற்பார். பிறகுதான் கேஜ் கூண்டில் பூமிக்குள் இறங்கப் போவார். மச்சான் செய்த சீர்மேல் அவருக்கு அவ்வளவு பெருமை என்று நான் தோழிகளிடம் அளந்துகொண்டிருந்தேன். தூங்குகிற பிள்ளையை அம்மா தினமும் ஏன் வாசல்வரை தூக்கிக்கொண்டு வருகிறாள் என்று நான் யோசித்ததே இல்லை. அப்பாவுக்கும் பயம் உண்டென்று எனக்கு அப்போது தெரியாது.