கிளுவை வேலிக்குள் ஒரு சதுரம்

2024 ஜனவரி 27, சனிக்கிழமை. வழக்கம்போல் ஐந்து மணிக்கு எழுந்தேன். காப்பி குடித்து, மாடித் தொட்டிகளுக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டு, கல்லூரிக்காகச் சேகரித்த செடிகளுக்குத் தாள் மாற்ற உட்கார்ந்தேன். செடிகளைச் செய்தித்தாள்களுக்கிடையே அழுத்தி உலர்த்தும்போது, ஈரம் குடித்த தாளை எடுத்துவிட்டுக் காய்ந்த தாளை வைக்க வேண்டும். தவறினால் பூஞ்சை பிடித்துவிடும். சனிக்கிழமைகளில் இதை வீட்டிலேயே செய்துவிடுவேன். அது முடிந்து தோசைக்கல்லை அடுப்பில் வைத்தபோது, அண்ணன் மகன் கம்பெனியிலிருந்து கூப்பிட்டான்.

"அத்தை, அப்பா போயிட்டாருங்க."

பின்னால் நிட்டிங் மெஷின் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. நிறுத்தச் சொல்ல யாருக்கும் தோன்றவில்லை போலும்.

அண்ணனுக்கு வீரபாண்டியில் பனியன் கம்பெனி. வீடும் நிலமும் பொங்கலூர் பக்கம். வீட்டுக்குப் பின்னால் இருக்கும் மேய்ச்சல் நிலத்தைக் கொறங்காடு என்போம். சுற்றிலும் முள்கிளுவை வேலி, உள்ளே கொழுக்கட்டைப்புல், இடையிடையே வெள்வேல மரங்கள். அதை உழுவதில்லை. ஆடு மாடு மேய்வதற்கென்றே விட்ட நிலம்.

முனைவர் பட்டத்துக்கு நான் எடுத்துக்கொண்ட கேள்வி எளியது. மேய்ச்சலை நிறுத்தினால் இந்தப் புல்வெளி என்ன ஆகும்? அதற்கு ஆடு நுழையாத ஓர் இடம் வேண்டும். கொறங்காட்டின் மேற்கு மூலையில் அண்ணனே, ஊன்றினால் வேர்விட்டுத் துளிர்க்கும் கிளுவைக் கொம்புகளை நட்டு எனக்கொரு சதுரம் அடைத்துக் கொடுத்தார். அப்பா அப்போது உயிரோடு இருந்தார்.

"நல்ல புல்லை ஆட்டுக்குக் காட்டாம வேலி போடறீங்களே, உங்களுக்கென்ன பைத்தியமா?"

"இவ புல்லுக்குக் கல்யாணம் பண்ணி வெக்கப் போறாளுங்கப்பா" என்றார் அண்ணன். அப்பாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

பட்டம் வந்தது, கல்லூரியில் வேலை வந்தது. கல்யாணம் மட்டும் புல்லுக்கும் நடக்கவில்லை, எனக்கும் நடக்கவில்லை.

வேறு இடங்களிலும் ஆய்வுச் சதுரங்கள் வைத்திருந்தேன். ஒன்றில் இப்போது குடோன் நிற்கிறது. இன்னொன்று மனைகளாகப் பிரிந்து, கல் நட்டு விற்றுப்போனது. மடத்துக்குளத்துக்கு அருகே இருந்த தரிசு தென்னந்தோப்பாகிவிட்டது. ஒவ்வொரு முறையும் நிலத்துக்காரர்கள் மரியாதையாகத்தான் சொன்னார்கள். நானும் அடையாளத்துக்கு அடித்திருந்த இரும்புக் கழிகளைப் பிடுங்கிக்கொண்டு வந்தேன். ஆராய்ச்சி நிதிக்கு எழுதியபோதெல்லாம், இடம் சிறியது, அதுவும் ஒன்றே ஒன்று என்று திருப்பி அனுப்பினார்கள். அந்த ஒன்றே ஒன்றுதான் நிலைத்தது.

வேலிக்குள் முதலில் புல் இடுப்பளவு வளர்ந்தது. பிறகு, மேய்ச்சலில்லாமல் தூர்கள் நரைத்து நடுவில் செத்தன. அந்த வெறுமையில் இப்போதுதான் வெள்வேலக் கன்றுகள் தலைகாட்டியிருந்தன. அவை மரமாகுமா, காய்ந்து போகுமா என்பது தெரிய இன்னும் சில மழைக்காலங்கள் வேண்டியிருந்தன. அதைப் பார்த்து எழுதிவிட்டு ஓய்வு பெற வேண்டும் என்று இருந்தேன். என் படிப்பு முழுவதற்கும் அதுதான் மிச்சம்.

ஞாயிறுதோறும் அண்ணன் காட்டில் நின்றுகொண்டு என்னோடு போனில் பேசுவார்.

"அம்மிணி, உன்ற புல்லு சௌக்கியமா இருக்குது. எனக்குத்தான் மூச்சு வாங்குது."

"டாக்டர்கிட்டப் போனீங்களாண்ணா?"

"இந்த ஷிப்மென்ட் போகட்டும், போலாம்."

நான் போய்ச் சேர்ந்தபோது அவரைக் கூடத்தில் கிடத்தியிருந்தார்கள். சட்டைப்பையில் பேனா இருந்தது. அண்ணியை நங்கை என்றுதான் கூப்பிடுவேன். அவர் என் கையைப் பிடித்தவர் விடவில்லை. பின்பக்கம் ஜேசிபி ஓடும் சத்தம் கேட்டது. எங்கள் பக்கம் சொந்த நிலத்திலேயே அடக்கம் செய்வது வழக்கம். இடத்தை மூத்தவர்கள் முடிவு செய்வார்கள். சித்தப்பா உள்ளே வந்ததும் கேட்டேன்.

"குழி எங்கீங்க சித்தப்பா வெட்டறாங்க?"

"அந்த மூலை வேலிக்குள்ளதான் கண்ணு. வேற எங்க? ஒரு ஆட்டுக்குட்டியை உள்ள உட்டிருப்பானா உங்கண்ணன்? இத்தன வருசமா தனக்குன்னு அப்படிக் காத்து வெச்சிருந்தான்."

வாசலோரம் உட்கார்ந்திருந்த, ஆடு மேய்க்கும் அம்மாவும் ஆமோதித்தார். "நெசமுங்க. ஒருக்கா என்ற வெள்ளாடு வேலிக்குள்ள தலையை உட்டுப்போட்டுது. ஆட்டை ஒண்ணுஞ் சொல்லலீங்க. என்னயத்தான் ஊருக்கே கேக்கறாப்பல வஞ்சாரு." சிரிக்க ஆரம்பித்தவர் அப்படியே அழுதுவிட்டார்.

சித்தப்பா நகர்ந்ததும் நங்கை என் காதருகே குனிந்தார். "அம்மிணி, அது உன்ற எடமல்ல? சின்ன மாமாவுக்கு வெவரம் தெரியாது. மோட்டார் ரூம்கிட்ட எடமிருக்குது. மாத்தச் சொல்லட்டுமா?"

"பாத்துட்டு வர்றனுங்க" என்று சொல்லி, கையை விடுவித்துக்கொண்டு பின்கட்டு வழியாகப் போனேன்.

கிழக்கு வேலியைப் பெயர்த்து வழி உண்டாக்கியிருந்தார்கள். சதுரத்தில் பாதி, வேரோடு புரண்டு கிடந்தது. குழி இன்னும் முழங்கால் ஆழம்கூட இல்லை. மறுபாதியில் புல்லும் கன்றுகளும் அப்படியே நின்றன. தலைமாடு எந்தப் பக்கம் என்று கேட்டு, ஓட்டுநர் வண்டியை அணைத்துவிட்டுக் காத்திருந்தார். சித்தப்பா தெற்கே கை காட்டிவிட்டு என்னைப் பார்த்தார்.

"எடம் செரிதான கண்ணு?"

சொல்லியிருக்கலாம். சொன்னால் மாற்றியிருப்பார்கள். பாதியாவது பிழைத்திருக்கும். ஆனால் மோட்டார் ரூம் பக்கத்தில், சாயம்போன பைப்புகளும் உடைந்த மெஷின் பாகங்களும் குவித்து வைத்திருக்கும் இடத்தில் அவரை வைக்க வேண்டும். இங்கே வேலிக் கொம்புகளை அவர் கையால் ஊன்றியிருந்தார்.

"செரிங்க சித்தப்பா. மண்ணை மட்டும் கிழக்கால போடச் சொல்லுங்க. மேக்கால இருக்கற புல்லு மேல விழ வேண்டாம்."

"ஆமாமா. புல்லு மேல மண்ணு உழுந்தா அவனுக்குப் புடிக்காது" என்று சித்தப்பா ஓட்டுநரிடம் திரும்பினார். ஜேசிபி மறுபடி உறுமியது.

வீட்டுக்கு வந்ததும் நங்கை மறுபடி என் கையைப் பிடித்தார். மாற்ற வேண்டாம் என்றேன். அப்போதுதான் என் கையை விட்டார்.

பொழுது சாய்வதற்குள் அடக்கம் முடிந்தது. அடக்கத்தின்போது பெண்கள் காட்டுக்குப் போகக்கூடாது என்பதால் பின்கட்டிலிருந்து பார்த்தேன். உறவுக்காரர்கள், கம்பெனி ஆட்கள், அவர்களுக்குள் இந்தி பேசிக்கொண்ட இளைஞர்கள், எல்லோரும் ஆளுக்கொரு கைப்பிடி மண் போடக் குழியைச் சுற்றி நெருங்கி நின்றார்கள். கிழக்கே மண்மேடு இருந்ததால் மேற்கேதான் கூட்டம். நான் காப்பாற்றிய பாதி அவர்கள் காலடியில் இருந்தது. அண்ணன் இருந்திருந்தால் அத்தனை பேரையும் விரட்டியிருப்பார். அதை நினைத்த பிறகுதான் எனக்கு அழுகை வந்தது.

மறுநாள் ஞாயிறு. விடிந்ததும், முகம்கூடக் கழுவாமல் காட்டுக்குப் போனேன். பட்டியிலிருந்து அவிழ்த்துவிட்ட ஆடுகள் ஜேசிபி திறந்த வழியாக உள்ளே நுழைந்து, மேட்டின் மேல் கிடந்த மாலைகளைத் தின்றுகொண்டிருந்தன. விரட்டினேன். பெயர்த்துப் போட்டிருந்த கிளுவைக் கொம்புகளில் பச்சை மாறாதவற்றைப் பொறுக்கி இழுத்து வந்து, வேலி இருந்த பழைய வரிசையிலேயே ஒவ்வொன்றாக ஊன்றினேன்.