சத்தமில்லாத நான்கு நிமிடம்

காலை 8.10. தாசேக் கெலுகோரில் ரயில் ஏறினேன். மடியில் துணிப்பை, அதற்குள் என் மகன் சந்துருவின் கறுப்புப் பெட்டி. சோற்று டப்பா அளவுதான் இருக்கும், மேலே திருகுவதற்குப் பத்துப் பன்னிரண்டு குமிழ்கள். பத்து காவான் என்ற ஊரில் தொழிற்சாலை வேலை முடிந்து வந்தால் அதைத்தான் வாசிப்பான். பாட்டு என்று சொல்ல முடியாது. மெஷின் ஓடுகிற மாதிரி, மழையில் தகரம் அதிர்கிற மாதிரி ஒரு சத்தம். ஏழு மாதத்துக்கு முன் வேலையிலிருந்து மோட்டார் சைக்கிளில் வரும்போது லோரி மோதி இறந்துபோனான்.

பினாங்கு ஜார்ஜ் டவுனிலிருந்து மீரா என்ற பெண் போனில் கூப்பிட்டாள். இந்த மாதிரிச் சத்தம் வாசிக்கிறவர்கள் வெளியே தெரியாமல் கூடுவார்களாம். அவர்களைப் படம் எடுக்கிறாள். கதை இல்லாத படம் என்றாள். சந்துரு கடைசியாக வாசித்ததையும் எடுத்திருக்கிறாள். ஆனால் அவளுடைய பழைய கேமரா சத்தத்தைப் பதியாது. சத்தம் அந்தப் பெட்டிக்குள்தான் பதிந்திருக்கிறதாம். அவன் வாசித்ததை நான் ஒருநாளும் உட்கார்ந்து கேட்டதில்லை. ஒரு தடவையாவது கேட்டுவிட வேண்டும் என்றுதான் கிளம்பினேன்.

8.50 பட்டர்வொர்த். ஃபெரி டிக்கெட் இரண்டு வெள்ளி. கடல் சாம்பல் நிறமாக இருந்தது. அக்கரையில் டாக்சிக்குப் பதினைந்து வெள்ளி கேட்டார்கள். பேரம் பேச எனக்கு வராது, ஏறிக்கொண்டேன். டிரைவர் நம் ஆள்.

"கார்னவன் தெருவா? அங்க என்னாம்மா இருக்கு, சவப்பெட்டிக் கடதான் இருக்கு."

"படம் எடுக்குறாங்களாம்."

"அட! நீங்கதான் ஹீரோயினா?"

நான் பையைப் பார்த்துக்கொண்டேன்.

மணி பத்து. பழைய கடைவீட்டின் மாடி. ஜன்னலெல்லாம் மெத்தை வைத்து அடைத்திருந்ததால் உள்ளே இருட்டு. வாசலில் ஒரு சுருள் ஸ்டிக்கர். உள்ளே வருகிறவர்கள் போன் கேமராமேல் ஒன்று ஒட்டிக்கொள்ள வேண்டும். மீராவுக்கு முப்பது வயது இருக்கும்.

"இங்க யாரும் மூஞ்சியக் காட்ட மாட்டாங்க ஆண்ட்டி. வீட்டுக்குத் தெரியாம வர்றவங்க இருக்காங்க. ஒருவாட்டி வாசிப்பாங்க, அதோட சரி. நெட்ல போட மாட்டாங்க. அதான் நான் பாதத்த மட்டும் எடுக்குறேன்."

அப்படியானால் அந்தச் சத்தம் வேறு எங்குமே இல்லை.

அவளுடைய நண்பன் ஆ சோங், சீனப் பையன், பெட்டியின் திருகாணிகளைக் கழற்றினான். உள்ளே பச்சையாகக் களிம்பு பூத்திருந்தது. மீராவிடம் மெதுவாக மலாயில், "ஆயெர் மாசோக்" என்றான். தண்ணீர் போயிருக்கிறது. தோட்டத்தில் மலாய்க்காரர்களோடு வேலை செய்தவளுக்கு அது புரியாதா?

"மழையில கொண்டு போயிருப்பான்," என்றாள் மீரா. "எத்தன வாட்டி சொன்னேன், பிளாஸ்டிக்ல சுத்துடான்னு. கேக்கவே மாட்டான்லா. கேர்லெஸ்! எல்லாம் போச்சு." கோபத்தில் அவள் கண் கலங்கியது.

நான் பேசாமல் இருந்திருக்கலாம். யாருக்குத் தெரியப்போகிறது? கருமாதிக்கு முதல் நாள் வீடு கழுவினோம். தீட்டுப் போக அவன் சாமான் ஒவ்வொன்றையும் மஞ்சள் தண்ணீரில் முக்கி எடுத்தேன். தட்டு, சட்டை, ஹெல்மெட், இந்தப் பெட்டி. குமிழ்களுக்கு நடுவில் பழைய பல் பிரஷ் போட்டுத் தேய்த்தேன். பிறகு வெயிலில் காயவைத்தேன்.

"அவன் இல்லம்மா. நாந்தான் கழுவுனேன்."

"என்னா ஆண்ட்டி?"

மறுபடி சொன்னேன்.

யாரும் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. ஆ சோங் திருகாணிகளை ஒவ்வொன்றாகத் திரும்பப் பூட்டினான்.

பிறகு மீரா சுவரில் படத்தை ஓட்டினாள். நிறையப் பாதங்கள். அவனுடையதை நான் உடனே கண்டுகொண்டேன். இடது கட்டைவிரல் நகம் தொழிற்சாலையில் நசுங்கிக் கறுத்தது. அந்தக் கால் தரையைத் தட்டிக்கொண்டே இருந்தது. நான்கு நிமிடம். ஒரு சத்தமும் இல்லை.

"வேற யாராச்சும் வாசிச்சத இதுல சேர்க்கட்டுமா ஆண்ட்டி?"

"வேணாம்மா. சும்மாவே ஓடட்டும்."

பகல் 1.25க்குத் திரும்புகிற ரயில். பினாங்குத் தெருவில் பேசுவதற்கே கத்த வேண்டியிருந்தது. தாசேக் கெலுகோரில் என் வீட்டில் ஃபேன் சத்தம் மட்டும்தான் இருக்கும். புக்கிட் மெர்தாஜாம் தாண்டியதும், சுவரில் பார்த்த மாதிரி என் காலால் தரையில் தட்டிப் பார்த்தேன். இரண்டு வேகமாக, ஒன்று நிறுத்தி, பிறகு மூன்றா நான்கா? பிடிபடவில்லை. மறுபடி தட்டினேன். எதிரே இருந்த மலாய்ப் பெண் நிமிர்ந்து பார்த்தாள். காலை இழுத்துக்கொண்டேன்.