சித்தி வாக்குக் கேட்ட மூன்று வாரம்

சித்தி கொடுத்த அளவு துண்டுப்பிரசுரத்தை எந்தக் கட்சிக்காரனும் கொடுத்திருக்க மாட்டான். கூடவே அலைந்தவள் நான். 1987இல் எனக்குப் பத்து வயது.

ஒஷாவாவில் சின்ன அலுவலகம் வைத்திருந்த வெள்ளைக்கார லோயர் ஒருவர்தான் சித்தியின் அகதி வழக்கை வென்று கொடுத்தவர். சித்தப்பாவைக் கனடாவுக்குக் கூப்பிடும் பைலும் அவரிடமே இருந்தது. சித்தப்பா கொழும்பில், கடற்கரைப் பக்கம் ஒரு லொட்ஜில் காத்திருந்தார். அந்த நேரம் பார்த்து லோயர் மாகாண சட்டசபைத் தேர்தலில் நின்றார்.

சித்திக்குச் சந்தோஷம். எங்கள் ஊர் மன்னாரில் எம்.பி.யின் கடிதம் இருந்தால் வேலை கிடைக்கும், இடமாற்றம் கிடைக்கும், பொலிஸ் பிடித்தவன்கூட வெளியே வருவான்.

“எங்கட லோயர் வெல்லட்டும். ஒரு கடிதம் காணும்,” என்றாள்.

மூன்று வாரம், தொழிற்சாலை வேலை முடிந்த கையோடு என்னையும் இழுத்துக்கொண்டு பஸ் ஏறினாள். கதவைத் தட்டுவது அவள், இங்கிலிஷ் பேசுவது நான். நாய் விரட்டியது. ஒரு கிழவன் முகத்தில் அறைந்த மாதிரிக் கதவைச் சாத்தினான். அடுத்த வீட்டு மணியைச் சித்தி இன்னும் நீளமாக அடித்தாள். மற்றக் கட்சியை நான் மனதார வெறுக்கப் பழகினேன்.

லோயர் வென்றார். அந்தக் கிழமையே சித்தி அவர் முன்னால் போய் நின்று கடிதம் கேட்டாள். நான் மொழிபெயர்த்தேன். அவர் முகம் சிவந்தது. குடிவரவு ஒட்டாவாவில் இருக்கும் மத்திய அரசின் வேலை, மாகாணத்தில் இருக்கும் தனக்கு அதில் அதிகாரம் இல்லை என்றார். இனி வழக்கும் பார்க்க மாட்டாராம், பைல் வேறொருவரிடம் போகுமாம். அவ்வளவு நாளும் இதை எங்களுக்கு ஒருவரும் சொல்லவில்லை. நாங்கள் கேட்கவுமில்லை.

சித்தி அழுவாள் என்று நினைத்தேன்.

“எங்கட இடத்துக்கு ஒட்டாவாவில ஆர் எம்.பி. எண்டு கேள்.”

கேட்டேன். மற்றக் கட்சிக்காரர்.

“அவற்ற ஒஃபீஸ் எங்க எண்டும் கேள்.”

நான் வாய் திறக்கவில்லை. சித்தி என்னைத் தள்ளிவிட்டுத் தானே கேட்டாள்: “அதர் மேன். ஒஃபீஸ். வேர்?”

லோயர் சிரித்துவிட்டார். தன் படம் போட்ட துண்டுப்பிரசுரத்தின் பின்பக்கத்திலேயே விலாசத்தை எழுதிக் கொடுத்தார்.

பஸ்ஸில் நான் வெடித்தேன். அந்த நாட்களில் எங்கள் வீட்டுக்கு ஊர் இயக்கங்களைப் பற்றிப் பேச வந்த ஆண்கள் வாய்க்கு வாய் சொன்ன சொல் ஒன்று என்னிடம் இருந்தது.

“சித்தி, உது துரோகம்.”

“ஓம். நாளைக்குப் பள்ளிக்கூடம் விட்டோடன வெளிக்கிட்டு நில். அந்தாளிட்டயும் போகவேணும்.”

நான் போகவில்லை. நாலு நாள் அவளோடு பேசவுமில்லை. அவள் அந்த நாலு இங்கிலிஷ் சொல்லோடு தனியாகப் போனாள். சித்தப்பா வந்து இறங்க இன்னும் ஒரு வருடம் எடுத்தது.

கொழும்பு லொட்ஜுகளில் பொலிஸ் புகுந்து தமிழ் ஆண்களை ஏற்றிக்கொண்டு போனதோ, ஒரு கிழமை கடிதம் பிந்தினால் சித்தி சாப்பிடாமல் கிடந்தது எதனால் என்பதோ எனக்கு அப்போது தெரியாது. பக்கத்திலேயே கடல் இருக்கிறது, சித்தப்பா தினமும் குளித்துக்கொண்டு இருப்பார், இவளுக்கு ஏன் இவ்வளவு அவசரம் என்றுதான் நினைத்தேன்.