சித்தி சொன்ன பிரெஞ்சுப் படம்

எங்கள் எருமப்பட்டி வீட்டில் யாருக்கும் பிரெஞ்சு தெரியாது. தெரிந்த மாதிரி நடந்துகொண்டவர் மாமா ஒருவர்தான். சேலத்தில் கல்லூரி படித்த அவர், லீவுக்கு வரும்போது இலவச லேப்டாப்பில் ஒரு பிரெஞ்சுக் குறும்படம் கொண்டுவந்தார். எல்லாம் சித்திக்காக. அம்மாவுக்குத் தங்கை, மாமாவுக்கு அக்காள். போர்வெல் லாரியோடு வடக்கே போன சித்தப்பா விபத்தில் இறந்துபோக, சித்தி எங்களோடு வந்து இருந்தாள். யாரிடமும் பேசமாட்டாள். தட்டை வைத்தால் இரண்டு வாய், அவ்வளவுதான். அம்மா கும்பிடாத சாமியில்லை.

படத்தில் ஒருவன் அவித்த முட்டையைக் குட்டிக் கிண்ணத்தில் நிறுத்திவைத்துக் கரண்டியை ஓங்குகிறான். உடனே காலிங்பெல் அடிக்கிறது. திரும்பி வந்து உட்கார்ந்தால் மேல்வீட்டிலிருந்து தலையில் தண்ணீர் சொட்டுகிறது. துடைத்து முடித்தால் பக்கத்து வீட்டு நாய் நுழைகிறது.

"ஏன்டா, ஒத்த முட்டையத் திங்க உடமாட்டாங்களா?" என்று அம்மா நிஜமாகவே கோபப்பட்டாள்.

அந்த நேரம் பார்த்துத் தெருவில், "தண்ணி வந்துருச்சு!" என்று கூச்சல். எங்கள் ஊரில் குழாய்த் தண்ணீர் எப்போது வருமென்று ஆண்டவனுக்கே தெரியாது. வந்தால் கல்யாணப் பந்தியே எழுந்து ஓடும். நாங்களும் குடங்களோடு ஓடினோம். சித்தி மட்டும் சுவரில் சாய்ந்தபடி இருந்தாள்.

திரும்பி வந்தபோது லேப்டாப் சார்ஜ் இறங்கி அணைந்திருந்தது.

"சின்னக்கா, கடைசில என்னாச்சு?" என்றார் மாமா.

சித்தி சுவரை விட்டு நிமிர்ந்து உட்கார்ந்தாள். பிறகு, "மேல்வீட்டுக்காரி அழுதுட்டு எறங்கி வந்தா. அவ ஊடெல்லாம் தண்ணி. அவன் ஒண்ணும் வையல. ரெண்டு பேரும் படியில உக்காந்து அந்த முட்டையப் பாதிபாதியாத் தின்னாங்க" என்றாள்.

"ஆறியிருக்குமே?" என்றாள் அம்மா.

"ஆறித்தான் போச்சு. ஆனாலும் சிரிச்சுட்டே தின்னாங்கக்கா."

"எனக்கு ஒண்ணும் வெளங்கல. மொதல்ல இருந்து சொல்லுக்கா" என்றார் மாமா. அந்தப் படத்தைக் கொண்டுவந்த மகராசனே அவர்தான்!

எனக்குப் பொறுக்கவில்லை. "சார்ஜர் உங்க பையிலதான இருக்குது மாமா? போட்டே பாக்கலாமே" என்றேன். மாமா என் காலை நறுக்கென்று மிதித்தார். அம்மா என் வாயைப் பொத்தினாள். சித்தி முதலிலிருந்து ஆரம்பித்தாள். நாய் வந்த இடத்தில் குரைத்துக்கூடக் காட்டினாள்.

எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. மாமா எதற்குச் சார்ஜரை ஒளிக்கிறார்? சிரிக்க வேண்டிய கதைக்கு அம்மா எதற்கு முந்தானையால் கண்ணைத் துடைக்கிறாள்? இந்தப் பெரியவர்களுக்குப் படம் பார்க்கவே தெரியவில்லை என்று அன்று முடிவு செய்தேன்.