அக்காவின் பதினெட்டாம் பாடம்

மேல்வீட்டுப் பிள்ளை இன்று காலை பியானோவில் ஐந்து விரல் பயிற்சி தொடங்கியது. நாலாம் விரலில் ஒவ்வொரு முறையும் தடுமாறியது. என் அக்காவுக்கும் அந்த விரல் சொல்வழி கேளாது.

எழுபத்தேழாம் ஆண்டு இனக்கலவரத்தில் கண்டியிலிருந்த எங்கள் கடை எரிந்தபோது, அக்கா தன் பியானோப் பாடப் புத்தகத்தைத்தான் எடுத்துக்கொண்டு ஓடிவந்தாள். வடக்கே ஸ்கந்தபுரத்தில் மாமாவின் காணியில் கொட்டில் போட்டோம். அங்கே பியானோ ஏது? தேயிலைப் பெட்டிப் பலகையில் கரியால் பியானோக் கட்டைகளைக் கீறி, அடுப்புப் புகை மூடிய குசினிக்குள் இருந்து பழகினாள். ஒரு பாடம் பிழையில்லாமல் வந்தபிறகுதான் அடுத்ததைத் தொடுவாள்.

"சத்தமே வரேல்லை, பிழையெண்டு என்னெண்டு தெரியும்?" என்று கேட்டேன்.

"விரலுக்குத் தெரியும்" என்றாள்.

மாரி மழையில் அவளுக்கு மலேரியா வந்தது. வெள்ளத்தால் ஆஸ்பத்திரிக்குப் பஸ் ஓடவில்லை. மூன்றாம் நாள், பாயில் கிடந்தபடியே அவளுடைய விரல்கள் ஒழுங்காக அசைந்துகொண்டிருந்தன.

"எத்தினையாம் பாடமக்கா?"

"பதினெட்டு."

அம்மா பயந்துபோனா. "கையைப் பிடியடி, களைச்சுப்போவாள்."

இரண்டு கைகளையும் இறுகப் பிடித்தேன். அக்கா இழுத்துப் பார்த்தாள். "விடடி, இன்னும் முடியேல்லை" என்றாள். நான் விடவில்லை. பின்னேரம் அவள் இழுப்பதை நிறுத்தினாள். அம்மா அழுத பிறகுதான் எனக்கு விளங்கியது.